விலை வைத்தவர் யார்?

சென்ற மாதம் தஞ்சோங் ரம்புத்தான் வட்டாரத்துத் தோட்டம் ஒன்றிலிருந்து அன்பர்கள் ஐவர் நம்மைத் தேடி வந்தனர். நிர்வாகத்துக்கு ஒரு மனு எழுதித் தர வேண்டும் என்றார்கள். கிராணி வேலை பார்ப்பவரிடம், அதிலும் சங்கக் கிளையில் பொறுப்பு வகிப்பவரிடம், மனு எழுதக் கேட்டு வருவது புதிதல்ல. சம்பள பாக்கி, தண்ணீர்க் குழாய், ஒழுகும் கூரை என்று எத்தனையோ எழுதிக் கொடுத்திருக்கிறோம். ஆனால் இந்த மனுவின் பொருள் வேறு. லயத்தில் குடியிருக்கும் ஒரு விதவைப் பெண்மணியின் வீட்டுக்கு இரவு நேரத்தில் ஆட்கள் வந்து போகிறார்களாம். லயத்தின் மானம் கப்பலேறுகிறதாம். ஆகவே நிர்வாகம் அவரைக் காலி செய்ய வைக்க வேண்டுமாம்.

அந்த மனுவை நாம் எழுதவில்லை. ஏன் எழுதவில்லை என்பதை ஐவருக்கும் நேரில் சொன்னோம். இது அந்த ஐவரோடு முடியும் விஷயம் அல்ல என்று தோன்றுவதால் இங்கே எல்லாருக்கும் சொல்கிறோம்.

சங்கப் பத்திரிகையில் இதையெல்லாம் எழுதலாமா என்று முகம் சுளிக்கும் அன்பர்கள் இருப்பார்கள். கூலி, விலை, கடன், தரகு இவை எங்கே இருக்கின்றனவோ அங்கே தொழிற்சங்கத்துக்கு வேலை உண்டு. உடலை விற்கும் சந்தையில் இவை நான்குமே இருக்கின்றன. ஒழுக்கத்தைப் பற்றிப் பேசக் கோயிலும் மன்றமும் உண்டு. இந்தச் சந்தை எப்படி உண்டாகிறது, அதில் இலாபம் அடைபவர் யார் என்று கேட்க வேண்டியது நம் கடமை.

ஆண்களை மட்டும் இறக்கிய கப்பல்

கிந்தாப் பள்ளத்தாக்கின் பழங்கதையிலிருந்து தொடங்குவோம். 1880-களில் ஈயச் சுரங்கங்களுக்காகச் சீனத் தொழிலாளர்கள் ஆயிரக்கணக்கில் இங்கே வந்தனர். பெரும்பாலோர் தனி ஆண்கள். பின்னர் ரப்பர்த் தோட்டங்களுக்கு வந்த நம் முன்னோர் கதையும் அதுவே. 1911-ம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி, மலாயா இந்தியர்களில் ஆயிரம் ஆண்களுக்குப் பெண்கள் முந்நூற்றுச் சொச்சம் பேர்தாம். இருபது ஆண்டு கழித்து 1931-லும் அந்த எண்ணிக்கை ஐந்நூறை எட்டவில்லை.

இது தானாக நேர்ந்ததா? இல்லை. தோட்ட முதலாளிக்கு வேண்டியிருந்தவை கைகள், குடும்பங்கள் அல்ல. மனைவி மக்களோடு ஒருவன் வந்தால் வீடு பெரிதாக வேண்டும், பிள்ளைக்குப் பள்ளி வேண்டும், கூலியும் கூட வேண்டும். தனியாக வந்தால் அவனைப் பெற்று வளர்த்த செலவு தமிழ்நாட்டுக் கிராமத்தின் தலையில். அவன் ஓய்ந்து திரும்பினால் சோறு போடும் செலவும் அந்தக் கிராமத்தின் தலையில். மிச்சம் முழுவதும் முதலாளியின் கணக்கில்.

பத்து ஆண்களுக்கு மூன்று பெண்கள் என்று நிறுத்திவிட்டு, அங்கே சந்தை முளைக்கக் கூடாது என்றால் முடியுமா? ஈப்போவில் இன்று சுற்றுலாப் பயணிகள் ஐஸ் தின்று படம் பிடித்துக்கொள்ளும் லோரோங் பங்லிமாவுக்கு 'வைப்பாட்டிச் சந்து' என்ற பெயர் ஏன் வந்தது? செல்வர்கள் தம் ஆசைநாயகியரைக் குடிவைத்த சந்து என்ற பேச்சினால் வந்த பெயர் அது. செல்வருக்கு அந்தச் சந்து. சுரங்கத் தொழிலாளிக்கு விடுதி. அந்நாளில் ஜப்பானின் ஷிமாபாரா, அமாகுசா முதலிய வறண்ட பகுதிகளிலிருந்து குடியானவர் வீட்டுப் பெண்கள் சிங்கப்பூர் மலாய்த் தெரு விடுதிகளுக்கும் மலாயா நகரங்களுக்கும் கொண்டு வரப்பட்டனர். 'கராயுகி-சான்' என்று அவர்களுக்குப் பெயர். கப்பற் செலவும், வீட்டாருக்குக் கொடுத்த முன்பணமும், துணிமணிச் செலவும் அவர்கள் பெயரில் கடனாக எழுதப்பட்டன. கடன் தீரும் வரை உடல் விடுதிக்காரரின் உடைமை.

நம் கதையும் இதைப் போன்றதே. 1907-ம் ஆண்டில் குடியேற்ற நிதி ஏற்படும் வரை, தோட்டத்துக்கு வந்த தமிழனின் கப்பற் செலவும் முன்பணமும் அவன் தலையில் கடனாக ஏறின. அவன் வேலைக்கு இறங்கும் ஒவ்வொரு நாளுக்கும் கங்காணிக்குத் தலைக்காசு கிடைத்தது. தோட்டத்தின் பேரேடும் விடுதியின் பேரேடும் ஒரே மாதிரி எழுதப்பட்டவை. அந்தப் பெண்ணை இழிந்தவள் என்று சொல்லுமுன், நம் பாட்டனின் கணக்கையும் ஒரு முறை புரட்டிப் பார்ப்பது நல்லது.

பீஜித் தீவில் நடந்ததை நம்மவர்கள் அறிவார்கள். நூறு ஆண்களுக்கு நாற்பது பெண்கள் என்று சட்டமே அளவு வைத்துக் கரும்புத் தோட்டங்களுக்கு ஆள் அனுப்பினார்கள். அங்கே பெண்கள் பட்ட துயரத்தைப் பாரதியார் 'கரும்புத் தோட்டத்திலே' என்ற பாட்டில் பாடினார். 1915-ல் ஆண்ட்ரூசும் பியர்சனும் நேரில் போய்ப் பார்த்து, 1916-ல் அறிக்கை வெளியிட்டார்கள். குடிசைகளில் ஒழுக்கம் கெட்டதற்குக் காரணம் அங்கிருந்த மனிதர்களின் பிறவிக் குணம் அல்ல, ஒப்பந்தக் கூலி முறையே என்பது உலகுக்குத் தெரிந்தது. 1917-ல் ஆள் அனுப்புவது நின்றது. 1920-ம் ஆண்டு ஜனவரி முதல் நாள் ஒப்பந்தங்கள் ரத்தாயின. பிரசங்கத்தினால் ஆகாதது முறையை மாற்றியதால் ஆயிற்று.

ஐம்பது காசும் நாற்பது காசும்

இரண்டாவது காரணம் கூலி. 1920-களின் பிற்பகுதியில் தோட்டத் தொழிலாளர்க்கு அரசாங்கம் விதித்த நாட்கூலி ஆணுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு. 1930-ல் ரப்பர் விலை சரிந்தபோது அது 40 காசும் 32 காசும் ஆயிற்று. பெண் வெட்டிய மரத்தில் பால் குறைவாகவா வடிந்தது? பெண்ணுக்குப் புருஷன் ஒருவன் இருப்பான், அவன் கூலியோடு இவள் கூலியும் சேர்ந்து அடுப்பெரியும் என்று கணக்குப் போட்டார்கள். புருஷன் செத்தால்? ஓடிப்போனால்? சயாம் ரயில் பாதைக்குப் பிடித்துக்கொண்டு போகப்பட்டால்? 1942 முதல் 1945 வரை ஜப்பானியர் ஆட்சியில் எத்தனையோ லயங்களில் நடந்தது அதுதானே? அரிசியும் இல்லாமல், ஆணும் இல்லாமல் பெண்கள் பிள்ளைகளோடு நின்றார்கள். அதே ஆண்டுகளில் அந்த இராணுவம் மலாயா நகரங்களில் தன் சிப்பாய்களுக்காக விடுதிகள் நடத்திப் பெண்களை அடிமைகளாக வைத்திருந்தது.

ஒருத்தியின் கூலிக்கும் அவள் பிள்ளைகளின் வயிற்றுக்கும் நடுவில் இருக்கும் பள்ளத்தில்தான் தரகன் நிற்கிறான். பள்ளம் பெரிதானால் அவன் பங்கும் பெரிதாகும்.

அந்தப் பெண்கள் வெறும் பொம்மைகளாகவும் இருக்கவில்லை. அடிக்கிறவனை விட்டு விலகினார்கள். தமக்குப் பிடித்தவனோடு வேறு தோட்டம் போனார்கள். மலாயாவின் இந்தியக் கூலிப் பெண்களைப் பற்றி அருணிமா தத்தா 2021-ல் வெளியிட்ட ஆங்கில நூல் இத்தகைய வழக்குகளை எடுத்துக் காட்டுகிறது. ஆனால் சட்டம் யார் பக்கம் நின்றது? பிறன் மனைவியை ஆசைகாட்டி அழைத்துப் போவது குற்றம் என்று தண்டனைச் சட்டம் 498-ம் பிரிவு சொன்னது. மனைவி கணவனின் உடைமை என்ற எண்ணமே அதன் அடிப்படை. அந்தப் பிரிவு அரசியல் சட்டத்துக்கு முரணானது என்று நமது கூட்டரசு நீதிமன்றம் தீர்ப்பளித்தது 2023-ம் ஆண்டு டிசம்பரில்தான்.

செக்ரோல் யார் கையில்?

நகரத்து விடுதியைப் பற்றிப் பேசுவது எளிது. தோட்டத்துக்குள்ளே நடந்த வாணிபத்தைப் பற்றிப் பேசுவது கடினம். ஏனென்றால் அதில் நம் வகுப்பாரின் பெயரும் அடிபடும்.

நல்ல பால் வடியும் நிரையை யாருக்குக் கொடுப்பது? பெரட்டுக்குக் கால்மணி நேரம் தாமதமாக வந்தவளுக்குப் பேர் போடுவதா, திருப்பி அனுப்புவதா? பாலில் தண்ணீர் கலந்தது என்று எழுதுவதா, விடுவதா? இவையெல்லாம் செக்ரோலும் பேனாவும் வைத்திருந்தவர் கையில் இருந்தன. அந்த அதிகாரத்துக்கு ஒரு விலை உண்டு. அது எப்போதும் பணமாகக் கேட்கப்படவில்லை. காசு கைமாறாத காரணத்தால் அதற்கு வாணிபம் என்ற பெயரும் வரவில்லை. மறுத்தவள் மேட்டுக்காட்டு நிரைக்குப் போனாள். இணங்கியவள் கெட்ட பெயர் வாங்கினாள். கேட்டவனுக்கு ஒன்றும் ஆகவில்லை.

இது நாம் இன்று கண்டுபிடித்த குற்றச்சாட்டு அல்ல. 1941-ம் ஆண்டு கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர்கள் ஆர். எச். நாதன் முதலியோர் தலைமையில் வேலைநிறுத்தம் செய்தபோது பன்னிரண்டு கோரிக்கைகள் வைத்தார்கள். சீனருக்குச் சமமான கூலி, கள்ளுக்கடை மூடல், துரையின் எதிரே சைக்கிளை விட்டு இறங்காதிருக்கும் உரிமை ஆகியவற்றோடு, வெள்ளைத் துரைகளும் 'கறுப்புத் துரைகளும்' தொழிலாளர் வீட்டுப் பெண்களிடம் முறைகேடாக நடப்பதை நிறுத்த வேண்டும் என்பதும் ஒன்று. கறுப்புத் துரை என்று அவர்கள் சொன்னது யாரை? நம்மைப் போன்ற கிராணிமாரையும் மேற்பார்வையாளரையும்தான். அதை மறைத்து எழுத நமக்கு மனமில்லை. அந்தப் போராட்டத்தைப் படை கொண்டு அடக்கினார்கள். நாதனை நாடு கடத்தினார்கள். தொழிலாளர் உயிர்களும் போயின. பெண்ணின் மானத்தைக் கூலியோடு சேர்த்து ஒரே பட்டியலில் எழுதிய அந்தத் தொழிலாளர்கள், எண்பது ஆண்டுகளுக்கு முன்பே நம்மைவிடத் தெளிவாக இருந்தார்கள்.

சட்டங்கள் செய்ததும் செய்யாததும்

இந்தச் சந்தையை மூட அரசாங்கங்கள் சட்டம் போடாமல் இல்லை. நீரிணைக் குடியேற்றங்களில் 1870-ல் தொற்று நோய்ச் சட்டம் வந்தது. விடுதிப் பெண்களைப் பதிவு செய்து பரிசோதித்தார்கள். அவர்களிடம் போன ஆண்களை யாரும் பரிசோதிக்கவில்லை. நோய் நிற்குமா? 1880-களின் இறுதியில் அதைக் கைவிட்டார்கள். 1930-க்குப் பின் விடுதிகளை மூடினார்கள். தொழில் பின்கட்டுக்குப் போயிற்று. 1973-ல் பெண்கள், சிறுமிகள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. பின்னர் 2001-ம் ஆண்டுச் சிறார் சட்டம் அதன் இடத்தைப் பிடித்தது. ஆள் கடத்தலுக்கு எதிராக 2007-ல் தனிச் சட்டம் வந்தது.

இன்றைய தண்டனைச் சட்டம் 372, 373-ம் பிரிவுகளைக் கவனியுங்கள். ஆளை இத்தொழிலில் தள்ளுதல், அதன் வருவாயில் வாழ்தல், விடுதி நடத்துதல், அழைத்து நிற்றல் ஆகியவையே குற்றங்கள். பணத்துக்கு உடலைத் தரும் செயலுக்கென்று தனியே தண்டனை எழுதப்படவில்லை. முஸ்லிம்களுக்கு ஷரியா சட்டம் தனி. ஆனால் போலீஸ் சோதனை நடந்த மறுநாள் பத்திரிகைப் படத்தில் முகத்தை மூடிக்கொண்டு தரையில் குந்தியிருப்பவர்கள் யார்? பெண்கள். தரகனையும் விடுதியின் உண்மைச் சொந்தக்காரனையும் அந்தப் படத்தில் அதிகம் காண முடிவதில்லை. பயம் கூடும்போது பெண்ணுக்குத் தரகனின் தயவு இன்னும் அதிகம் தேவைப்படுகிறது. அவன் தரகும் ஏறுகிறது.

ஸ்வீடன் 1999-ல் விற்பவளை விட்டு வாங்குபவனைத் தண்டிக்கும் சட்டத்தைக் கொண்டு வந்தது. நியூசிலாந்து 2003-ல் இதைக் குற்றப் பட்டியலிலிருந்தே நீக்கித் தொழிலாளர் பாதுகாப்பை அளித்தது. இந்திய உச்ச நீதிமன்றம் 2022-ம் ஆண்டு மே மாதத்தில், இத்தொழிலில் உள்ளவர்களும் கண்ணியத்துக்கு உரிமையுடைய குடிமக்களே, போலீஸ் அவர்களை வதைக்கக் கூடாது என்றது. இவற்றில் எது சிறந்தது என்று அறிஞர்கள் வாதாடட்டும். இந்த நாடுகள் மூன்றும் ஒன்றை மட்டும் ஒப்புக்கொண்டுவிட்டன: அடி வாங்க வேண்டியவள் அவள் அல்ல.

நம் ஊர்ப் பெயரைச் சொன்னால் ஒருவரை ஒருவர் கேலி செய்வது நாடெங்கும் வழக்கம். 1911-ல் இங்கே திறக்கப்பட்ட மனநோய் மருத்துவமனை அதற்குக் காரணம். பெனிசிலின் வருமுன் உலகெங்கும் இத்தகைய மருத்துவமனைகளில் இடம் பிடித்த நோய்களில் ஒன்று, முற்றிய மேகப்புண் மூளையைத் தாக்குவது. பெண்துணையின்றிக் கொண்டு வரப்பட்ட ஆண்கள் நகரத்துச் சந்திலிருந்து வாங்கி வந்த நோய் சிலரை அந்த நிலைக்குக் கொண்டு போயிற்று. மலிவான கூலிக்கு முதலாளி கொடுக்காத விலையைத் தொழிலாளி தன் மூளையால் கொடுத்தான். கேலி செய்கிறவர்கள் இதை எண்ணிப் பார்க்க வேண்டும்.

இன்றைய லயம்

இதெல்லாம் பழங்கதை என்பார் சிலர். பழங்கதையா? இன்று மரம் வெட்டவும் குலை அறுக்கவும் இந்தோனேசியா, வங்காளதேசம், நேப்பாளம் முதலிய நாடுகளிலிருந்து ஆட்கள் வருகிறார்கள். அவர்கள் பெர்மிட்டின் நிபந்தனை என்ன? குடும்பத்தை அழைத்து வரக் கூடாது. இங்கே கலியாணமும் செய்யக் கூடாது. அன்று கப்பல் செய்த வேலையை இன்று பெர்மிட் செய்கிறது. அன்று கங்காணியின் முன்பணம். இன்று ஏஜெண்டின் கடன். இருபது வயதுப் பையனை ஆண்டுக்கணக்கில் ஒற்றையாக நிறுத்திவிட்டு, அவன் இரவில் எங்கே போகிறான் என்று நாம் அவனையே வைகிறோம்.

இனி அந்த விதவைப் பெண்மணியிடம் வருவோம். நமது கிளையின் மாதர் பகுதிச் சகோதரி ஒருவர் அவரிடம் போய்ப் பேசினார். எழுத அவர் சம்மதித்ததை மட்டும் எழுதுகிறோம். அவர் கணவர் ஒரு குத்தகைக்காரரிடம் மரம் வெட்டியவர். இருட்டோடு வேலைக்குப் போன வழியில் மோட்டார் சைக்கிள் விபத்தில் இறந்தார். குத்தகைக்காரர் பெர்க்கெசோ சந்தா கட்டினாரா என்று கேட்க யாரும் இல்லை. மனைவியும் அதே குத்தகையில் வெட்டினார். குறைந்தபட்சச் சம்பளம் 2025-ம் ஆண்டு பிப்ரவரி முதல் 1,700 வெள்ளி என்று அரசாங்கம் சொன்னாலும், குத்தகைக்காரர் நாட்கணக்குப் பார்த்தே கொடுத்தார். மழை பெய்த நாளில் கூலி இல்லை. பிள்ளைகள் மூவர். ஆலோங்கிடம் கடன். வீடு வேலையோடு ஒட்டிய வீடு. வேலை போனால் வீடும் போகும். கணவர் இறந்த பிறகு அவரை வீட்டில் இருக்கவிட்ட மேற்பார்வையாளர் முதன்முதலில் கேட்ட வாடகை பணம் அல்ல. மற்றவர்கள் அதற்குப் பிறகு வந்தவர்கள்.

அவர் கணவர் நம் சங்கத்துக்குச் சந்தா கட்டியவர். அவர் இறந்த மாதம் சங்கத்திலிருந்து மலர்வளையம் போயிற்று. அதன் பிறகு அந்த வீட்டுப் படியை நாம் மிதிக்கவில்லை. இப்போது வேறு ஆட்கள் மிதிக்கிறார்கள் என்று தெரிந்ததும் மனுவோடு கிளம்புகிறோம். வெட்கப்பட வேண்டியவர்கள் பட்டியலில் நம் பெயரும் உண்டு.

"பிள்ளைகள் பார்க்கிறதே, கிராணி ஐயா" என்றார் வந்தவர்களில் மூத்தவர். நியாயமான பேச்சு. லயத்தில் சுவர் மெல்லியது. ஒரு வீட்டுத் துயரம் அடுத்த வீட்டுக்குக் கேட்கும். வளர்கின்ற பெண்ணை வைத்திருக்கும் தாய்க்கு அச்சம் இருக்கத்தான் செய்யும். அந்த அச்சத்தை நாம் இகழவில்லை. உடலை விற்பது மற்றத் தொழில்களைப் போல ஒரு தொழில்தான், இருக்கட்டும் என்றும் நாம் சொல்லவில்லை. நம் மகளுக்கு நாம் விரும்பாத வாழ்வை அடுத்தவர் மகளுக்குச் சிபாரிசு செய்ய மாட்டோம். ஆனால் அவரைத் துரத்தினால் என்ன நடக்கும்? மூன்று பிள்ளைகளோடு அவர் ஈப்போவில் ஓர் அறைக்குப் போவார். அங்கே தரகன் தயாராக இருப்பான். நம் பிள்ளைகளின் கண்ணிலிருந்து மறைந்துவிடுவார். அவர் பிள்ளைகள் மூவரும் எல்லாவற்றையும் பார்ப்பார்கள். மேற்பார்வையாளரோ இங்கேயே இருப்பார், அடுத்த விதவைக்காக.

நாம் எழுதிய மனு

ஆகவே வேறு மனுக்கள் எழுதினோம். முதலாவது பெர்க்கெசோவுக்கு. வேலைக்குப் போகும் வழியில் நேரும் விபத்தும் வேலை விபத்தே என்பது 1969-ம் ஆண்டுத் தொழிலாளர் சமூகப் பாதுகாப்புச் சட்டம். இறந்தவரின் உதவித் தொகையில் மனைவிக்கு ஐந்தில் மூன்று பங்கு, பிள்ளைகளுக்கு ஐந்தில் இரண்டு பங்கு. அதைக் கேட்டும், சந்தா கட்டாத குத்தகைக்காரர் மீது நடவடிக்கை கேட்டும் எழுதியிருக்கிறோம். இரண்டாவது தொழிலாளர் இலாகாவுக்கு, குறைந்தபட்சச் சம்பளம் பற்றி. மூன்றாவது நிர்வாகத்துக்கு, அந்த மேற்பார்வையாளர் பற்றி. வந்த ஐவரில் இருவர் இவற்றில் கையொப்பமிட்டார்கள். மூவர் யோசித்துச் சொல்வதாகப் போயிருக்கிறார்கள். அவர்களையும் எதிர்பார்க்கிறோம்.

எல்லாக் கிளைகளுக்கும் நாம் வைக்கும் வேண்டுகோள் இவை:

1. தொழிலாளி இறந்தால் ஒரு வாரத்துக்குள் கிளைப் பொறுப்பாளர் ஒருவர் பெர்க்கெசோ, சேமநிதித் தாள்களோடு அந்த வீட்டுக்குப் போக வேண்டும்.

2. குடும்பத் தலைவர் இறந்ததும் வீட்டைப் பறிக்கக் கூடாது என்ற விதியைக் கூட்டு ஒப்பந்தத்தில் கேட்க வேண்டும்.

3. பாலியல் தொல்லை பற்றிய அறிவிப்பை வேலையிடத்தில் எல்லாரும் காணும்படி ஒட்டி வைக்க வேண்டும் என்பது 2023-ம் ஆண்டு ஜனவரி முதல் வேலைச் சட்டத்தின் கட்டளை. உங்கள் பெரட்டுக் களத்தில் அது இருக்கிறதா? இல்லையேல் கேளுங்கள். 2022-ம் ஆண்டுப் பாலியல் தொல்லை எதிர்ப்புச் சட்டத்தின்படி வழக்கு விசாரிக்கத் தனித் தீர்ப்பாயமும் இப்போது உண்டு.

4. வெளிநாட்டுத் தொழிலாளியைச் சங்கத்தில் சேர்க்க வேண்டும். குடும்பத்தோடு வாழும் உரிமையை அவனுக்காகவும் கேட்க வேண்டும்.

5. செக்ரோல் வைத்திருக்கும் கிராணிமாரே, மேற்பார்வையாளரே! அந்தப் பேனா தோட்டத்துச் சொத்து. அதை வைத்து ஒரு பெண்ணிடம் விலை பேசியவர் எவரானாலும் சங்கம் அவருக்காக வாதாடாது. இதைக் கிராணிமாராகிய நாமே முதலில் அறிவிக்கிறோம்.

தோழர்களே, அந்தப் பெண்மணி தன்னை விற்றார் என்கிறீர்கள். விற்றவரை மட்டும் பார்த்தீர்கள். குறைந்த கூலி கொடுத்தவன், கடன் கொடுத்தவன், வீட்டைக் காட்டி மிரட்டியவன் என்று அவருக்கு விலை வைத்தவர்கள் பலர். அவர்கள் மீது மனு எழுத வாருங்கள். எந்த இரவானாலும் விளக்கேற்றி உட்கார்ந்து எழுதித் தருகிறோம்.